‘ஒளி தானே வரைந்தது’ என்னும் உரிமைகோரல்: தொடக்கக்கால ஒளிப்படக்கலையில் கையும் சொல்லும்

ஆய்வுச்சுருக்கம்

ஒளிப்படம் என்பது மனிதக் கையின் தலையீடின்றி இயற்கை தன்னைத்தானே வரைந்துகொண்ட படம் என்னும் கருத்து 1839ஆம் ஆண்டின் அறிவிப்புகளிலேயே வேரூன்றியது. ஒளிப்படத்திற்குச் சான்றுத்தன்மையையும் பண்பாட்டு மதிப்பையும் பெற்றுத் தந்தது இக்கருத்தே. ஆயின் அக்காலப் படைப்புகளைக் கூர்ந்து நோக்கின், படத்தை ஆக்கிய கையும் அதற்குப் பொருள் தந்த சொல்லும் அவற்றில் வெளிப்படையாகவே இருக்கக் காணலாம். டால்பட்டின் நூல், பயாரின் தன்னுருவப்படம், நியெப்சின் தகடு, தஞ்சைப் பெரியகோயிலில் லின்னேயஸ் ட்ரைப் எடுத்த கல்வெட்டுப் படத்தொடர் ஆகியவற்றை முன்வைத்து இக்கட்டுரை அவ்வுரிமைகோரலை மறுமதிப்பீடு செய்கிறது.

திறவுச்சொற்கள்: ஒளிப்படக்கலை வரலாறு, டால்பட், பயார், நியெப்ஸ், ட்ரைப், சான்றுத்தன்மை, கல்வெட்டுப் படியெடுப்பு.

முன்னுரை

ஒளிப்படக்கலையின் தோற்றம் பெரும்பாலும் முந்துரிமைப் பூசலின் வரலாறாகவே எழுதப்பட்டு வந்துள்ளது. பிரான்சின் நிசெஃபோர் நியெப்ஸ், லூயி டாகேர், இப்போலித் பயார், இங்கிலாந்தின் வில்லியம் ஹென்றி ஃபாக்ஸ் டால்பட் ஆகியோருள் முதல்வர் யார் என்னும் வினா இன்றும் சலிப்பின்றிக் கேட்கப்படுகிறது. இவ்வினாவால் விளையும் பயன் குறைவு. ஓவியர்கள் இருட்டறைக் கருவியைப் பல நூற்றாண்டுகளாகப் பயன்படுத்தி வந்தனர். வெள்ளி உப்புகள் ஒளிபட்டுக் கறுக்கும் என்பதை ஜெர்மானிய அறிஞர் ஷுல்ட்சே 18ஆம் நூற்றாண்டின் முற்பகுதியிலேயே காட்டிவிட்டார். இலைகளின் நிழலுருவை வெள்ளி உப்புத் தாளில் பதித்த வெட்ஜ்வுட்டின் சோதனைகளை ஹம்ஃப்ரி டேவி 1802இல் வெளியிட்டார். உருவைப் பெறுவது அன்று அரிதாக இருக்கவில்லை. பெற்ற உருவை ஒளியில் அழியாது நிறுத்துவதே அரிதாக இருந்தது. அதற்குரிய வேதிப்பொருளான ஹைப்போ வெள்ளி உப்பைக் கரைக்கும் என்பதை ஜான் ஹெர்ஷல் 1819இலேயே அறிந்திருந்தார். எனினும் அது ஒளிப்படத்திற்கு உதவும் என்பது இருபது ஆண்டுகள் கழித்தே உணரப்பட்டது.

ஆகவே, யார் கண்டுபிடித்தார் என்பதைக் காட்டிலும், கண்டுபிடித்தது எவ்வகைப் பொருள் என்று கண்டுபிடித்தவர்கள் உலகிற்குச் சொன்னார்கள் என்பதே ஆராயத்தக்கது. ஒளிப்படத்தின் பண்பாட்டு விளைவுகள் அக்கருவியிலிருந்து எந்த அளவுக்குப் பிறந்தனவோ, அதே அளவுக்கு அதைப் பற்றிய பேச்சிலிருந்தும் பிறந்தன.

கலைச்சொல் குறித்து ஒன்று கூறவேண்டும். தமிழில் புகைப்படம், நிழற்படம், ஒளிப்படம் என்னும் மூன்று சொற்களும் வழக்கில் உள்ளன. ஹெர்ஷல் 1839இல் பரவச் செய்த ‘ஃபோட்டோகிராபி’ என்னும் சொல் ஒளியால் எழுதுதல் எனப் பொருள்படும். டால்பட்டோ அதே ஆண்டில் தம் கட்டுரையின் ஒரு பகுதிக்கு நிழலை நிலைநிறுத்தும் கலை என்னும் பொருளில் தலைப்பிட்டார். ஒளியா நிழலா என்னும் தயக்கம் தமிழ்க் கலைச்சொல்லாக்கத்திற்கு மட்டும் உரியதன்று. ஹெர்ஷலின் சொல்லே உலக வழக்காக நிலைத்தமையால் இக்கட்டுரையில் ‘ஒளிப்படம்’ ஆளப்படுகிறது.

உரிமைகோரலின் பிறப்பு

1839 சனவரி 7 அன்று இயற்பியலாளரும் அரசியலாளருமான ஃபிரான்சுவா அரகோ, பாரிசு அறிவியல் கழகத்தில் டாகேரின் முறையை அறிவித்தார். செய்முறை அப்போது மறைத்துவைக்கப்பட்டது. ஆகஸ்டு 19 அன்று அறிவியல் கழகமும் நுண்கலைக் கழகமும் சேர்ந்து கூடிய கூட்டத்தில்தான் அது வெளியிடப்பட்டது. இடைப்பட்ட மாதங்களில் பிரெஞ்சு அரசு டாகேருக்கு ஆண்டுக்கு 6000 பிராங்கும், 1833இல் இறந்துவிட்ட நியெப்சின் மகன் இசிதோருக்கு 4000 பிராங்கும் ஓய்வூதியமாக வழங்க இசைந்தது. பிரான்சு இக்கண்டுபிடிப்பை உலகிற்குக் கொடையாக அளித்தது என்பர். அக்கொடைக்கு ஐந்து நாள் முன்னரே இங்கிலாந்தில் டாகேர் காப்புரிமை பெற்றுவிட்டார் என்பதையும் சேர்த்துச் சொல்வதே முறை.

சூலை 3 அன்று சட்டமன்ற உறுப்பினர்முன் அரகோ நிகழ்த்திய உரையில் எகிப்து இடம்பெறுகிறது. தீபிசு, மெம்பிசு, கார்னக் ஆகிய இடங்களின் நினைவுச்சின்னங்களில் நிறைந்துள்ள பட எழுத்துகளைப் படியெடுக்க, வரைவாளர் கூட்டத்திற்குப் பல்லாண்டுகள் தேவைப்படும் என்றும், டாகேரின் கருவி கொண்டு ஒருவரே அப்பணியை முடிக்கலாம் என்றும் அவர் வாதிட்டார். நெப்போலியனின் எகிப்தியப் படையெடுப்பு இக்கருவியின்றி நிகழ்ந்ததற்கு அவர் வருந்தினார். ஒளிப்படத்திற்கு அவர் கற்பித்த முதற்பெரும் பயன்களுள் ஒன்று எழுத்தைப் படியெடுத்தல் என்பதையும், அது ஒரு பேரரசின் படையெடுப்போடு சேர்த்தே எண்ணப்பட்டது என்பதையும் மனங்கொள்ள வேண்டும். கட்டுரையின் இறுதிப்பகுதி இதற்கு மீளும்.

டால்பட் 1839 சனவரி 31 அன்று இலண்டன் அரச கழகத்தில் தம் கட்டுரையை அளித்தார். இயற்கைப் பொருள்கள் ஓவியனின் எழுதுகோல் துணையின்றித் தம்மைத்தாமே வரையச் செய்யும் முறை என அதன் தலைப்பே அறிவித்தது. தம் இல்லமான லேகாக் மடமே தன் படத்தைத் தானே வரைந்த முதற்கட்டடம் என்று அவர் பெருமை கொண்டார். 1833இல் இத்தாலியின் கோமோ ஏரிக்கரையில், கேமரா லூசிடா என்னும் துணைக்கருவி இருந்தும் தம்மால் நன்றாக வரைய இயலவில்லையே என்ற ஏக்கத்திலிருந்தே இவ்வாய்வு தொடங்கியதாக அவரே பின்னர் எழுதினார். வரையத் தெரியாத கையொன்றின் குறையிலிருந்து, கையே வேண்டாத கலை என்னும் கொள்கை பிறந்தது. இலக்கணத்தின் மொழியில் கூறின், இங்கே எழுவாய் மாற்றப்படுகிறது. ‘டால்பட் கட்டடத்தைப் படமெடுத்தார்’ என்பது ‘கட்டடம் தன்னைப் படமாக்கிக்கொண்டது’ என்றாகிறது. வினைமுதல் மறைந்து கருவியும் பொருளும் மட்டும் எஞ்சுகின்றன.

‘இயற்கையின் எழுதுகோல்’ நூலை மீள வாசித்தல்

டால்பட்டின் ‘இயற்கையின் எழுதுகோல்’ 1844 சூன் முதல் 1846 ஏப்ரல் வரை ஆறு பகுதிகளாக, 24 படங்களுடன் வெளிவந்தது. விற்பனைக்கு வந்த நூலொன்றில் ஒளிப்படங்களை ஒட்டி விளக்கவுரையுடன் வெளியிட்ட தொடக்க முயற்சிகளுள் இதுவே புகழ்பெற்றது. ஒளிப்படம் கொண்டு உருவான முதல் நூல் என்னும் சிறப்போ, 1843இல் நீலப்படி முறையில் கடற்பாசிகளைப் பதித்த அன்னா அட்கின்சுக்கே உரியது. வரலாறுகள் அவரை நெடுங்காலம் அடிக்குறிப்பில் வைத்திருந்தன.

இந்நூலின் படிகளில் வாசகருக்கான சிறு துண்டறிக்கை ஒன்று செருகப்பட்டது. படங்கள் ஒளியால் மட்டுமே ஆக்கப்பட்டவை, எழுதுகோலின் உதவி சிறிதும் பெறாதவை என்பதே அதன் சாரம். அவற்றைச் செதுக்குப்பட அச்சுகள் என வாசகர் தவறாகக் கொள்ளக்கூடும் என்னும் அச்சமே அதற்குக் காரணம். இவ்வறிக்கையே உரிமைகோரலின் வலுவின்மையைக் காட்டிவிடுகிறது. ஒளி தானே வரைந்தது என்பதைப் படம் தானே சொல்லவில்லை. அச்சிட்ட தாள் ஒன்று அதைச் சொல்லவேண்டியிருந்தது.

நூலினுள் செல்லும்போது கையின் தடங்கள் மிகுகின்றன. ‘நூலகக் காட்சி’ என்னும் படத்தில் அடுக்குகளில் நூல்கள் வரிசையாக நிற்கின்றன. ஆனால் அவை நூலகத்தில் எடுக்கப்பட்டவை அல்ல. உள்ளறை ஒளி போதாமையால் நூல்களும் அடுக்குகளும் வெளியே கொணரப்பட்டு வெயிலில் அமைக்கப்பட்டன. ‘திறந்த கதவு’ என்னும் படத்தில் வாயிலருகே துடைப்பம் ஒன்று சாய்த்து வைக்கப்பட்டுள்ளது. அதன் சாய்வு, நிழலின் கோணம், உள்ளிருட்டில் தெரியும் சாளரம் யாவும் எண்ணித் தேர்ந்தவை. தம் விளக்கவுரையிலேயே டால்பட் அன்றாடப் பொருள்களைத் தீட்டிய டச்சு ஓவிய மரபைத் துணைக்கழைக்கிறார். எழுதுகோலை மறுத்தவர் ஓவிய மரபையே சான்றாகக் காட்டுவது முரண். அம்முரண் அவருக்குத் தெரிந்தே இருந்தது என்று கருத இடமுண்டு.

வேறொரு கை முற்றிலும் பேசப்படாமலே போயிற்று. டால்பட்டின் பணியாளராயிருந்த நிக்கோலாஸ் ஹென்னமன் ரெடிங் நகரில் நடத்திய அச்சகத்தில், தாளுக்கு வேதிப்பூச்சிட்டு, எதிர்ப்படியின்கீழ் வைத்து, வெயில் காட்டி, கழுவி, உலர்த்தி, நூலில் ஒட்டி முடிக்கப் பலர் உழைத்தனர். இங்கிலாந்தின் வெயில் நாளுக்கு நாள் மாறுபடுவதால் படிகளின் நிறமும் மாறுபட்டது. பல படங்கள் பின்னர் மங்கின. இயற்கையின் எழுதுகோல் கூலிக்கு உழைத்தவர்களின் கைகளில்தான் இருந்தது.

எனினும் டால்பட்டை ஏமாற்றுக்காரராகக் காட்டுவது அறமாகாது. ஆக்ஸ்ஃபோர்டின் குயின்ஸ் கல்லூரிப் படத்திற்கு அவர் எழுதிய உரையே நூலின் மிக நுண்ணிய பகுதி எனலாம். படமெடுத்தவர் கவனியாத எழுத்துகளையும் சிறு பொருள்களையும், சில வேளைகளில் தொலைவிலுள்ள கடிகார முகப்பில் பதிந்த நேரத்தையும்கூட, பின்னர் உருப்பெருக்கியில் காணநேரும் என்கிறார். எண்ணாமலே பதிவாகும் இவ்விவரமே ஒளிப்படத்தின் தனித்தன்மை. வால்டர் பெஞ்சமின் 1931இல் கண்ணுக்குப் புலப்படாத நனவிலி என விரித்துரைத்த கருத்தின் வித்து இங்குள்ளது. எதைக் காட்டுவது, எந்த நேரத்தில், எக்கோணத்தில் என்பனவற்றைக் கை தீர்மானிக்கிறது. அத்தீர்மானத்திற்குள் அடங்காத விவரத்தை ஒளி கொண்டுவந்து சேர்க்கிறது. ‘ஒளி மட்டுமே’ என்னும் கூற்றில் பொய்யாக நிற்பது ‘மட்டுமே’ என்னும் சொல்தான்.

பீங்கான் கலங்களின் படத்திற்கு எழுதிய உரையில், களவுபோன பொருளின் படம் நீதிமன்றத்தில் ஊமைச் சாட்சியாக நிற்கக்கூடும் என்று டால்பட் கருதினார். அத்தகைய சான்றுக்கு நீதிபதி என்ன சொல்வார் என்பதைச் சட்டம் அறிந்தவர்களுக்கே விட்டுவிட்டார். அவர் விட்ட வினாவிற்கு, அந்நூல் வெளிவருமுன்பே பாரிசில் ஒருவர் விடையளித்திருந்தார்.

மூழ்கியவரின் சாட்சியம்

இப்போலித் பயார் பிரெஞ்சு நிதியமைச்சகத்தில் எழுத்தர். தாளிலேயே நேரடியாக நேர்ப்படி பெறும் முறையைத் தாமாகவே கண்டவர். 1839 சூன் 24 அன்று, மார்த்தினிக் தீவின் நிலநடுக்கத்தால் பாதிக்கப்பட்டோருக்கு நிதி திரட்டும் நிகழ்ச்சியில் 30 படங்களைக் காட்சிக்கு வைத்தார். ஒளிப்படங்களின் முதல் பொதுக்காட்சி அதுவே. டாகேரின் அறிவிப்பு இன்னும் முழுமை பெறாத நாள்கள் அவை. பயாரைப் பொறுத்திருக்கச் செய்தவர் அரகோ. அவருக்குக் கிடைத்தது கருவி வாங்க 600 பிராங்க்.

1840 அக்டோபரில் பயார் தம்மையே பிணமாகப் படமெடுத்தார். இடுப்புக்கு மேல் ஆடையின்றி, கண்மூடி, சாய்ந்த நிலையில் அவர் உருவம் தெரிகிறது. சுவரில் வைக்கோல் தொப்பி தொங்குகிறது. படத்தின் பின்புறத்தில் எழுதிய குறிப்பு, இது இம்முறையைக் கண்ட பயாரின் பிணம் என்றும், டாகேருக்கு வாரி வழங்கிய அரசு தமக்கு ஒன்றும் செய்ய இயலாது என்றதால் அவர் நீரில் மூழ்கினார் என்றும் கூறுகிறது. முகமும் கைகளும் அழுகத் தொடங்கியதால் பார்ப்போர் நாற்றம் தாக்குமுன் நகர்ந்துவிடுவது நன்று என்றும் எள்ளி முடிகிறது. வெயிலில் கருத்த முகமும் கைகளும் உடலின் ஏனைய பகுதியைவிட இருண்டு பதிந்ததையே அவர் அழுகலாக்கிக் காட்டினார். பயார் 1887 வரை வாழ்ந்தார்.

இப்படத்தை ஒரு முறையீடாகவோ நகைச்சுவையாகவோ கொள்வது பொதுவழக்கு. அதனினும் ஆழமான கேள்வி இதில் உள்ளது. படம் எப்பொய்யையும் சொல்லவில்லை. ஒரு மனிதர் கண்மூடிச் சாய்ந்திருந்தார் என்பதற்கு அது உண்மையான சான்று. பொய் முழுவதும் எழுத்தில் உள்ளது. இருண்ட தோல் என்னும் உண்மையான ஒளிப்பதிவை அழுகிய தோலாக மாற்றியது வாக்கியம். நேரடி நேர்ப்படி முறைக்கு நீண்ட நேரம் அசையாதிருத்தல் வேண்டும். உயிருள்ளவர் பிணம்போல் கிடந்தாலன்றித் தெளிவான உருவம் கிடைக்காது. இத்தொழில்நுட்பத் தேவையையே பயார் கருப்பொருளாக்கினார். இருந்தது இருந்தது என்பதே ஒளிப்படத்தின் சாரம் எனப் பின்னாளில் ரோலான் பார்த் நிறுவ முயன்றார். பயாரின் படம் அதை மறுக்கவில்லை. இருந்தது என்ன என்று கூறுவது படத்தின் ஆற்றலுக்கு அப்பாற்பட்டது என்பதை மட்டும் காட்டுகிறது.

டாகேர் 1838இல் எடுத்த ‘தாம்ப்ள் நெடுந்தெரு’ப் படமும் இங்கு நினைக்கத்தக்கது. நெரிசல் மிக்க பாரிசுத் தெரு அதில் ஆளரவமற்றுக் காணப்படுகிறது. நகர்ந்தவர் எவரும் தகட்டில் பதியவில்லை. காலணிக்கு மெருகேற்ற நின்ற ஒருவர் மட்டுமே நன்கு தெரிகிறார். 1839இல் அதைக் கண்ட சாமுவேல் மோர்ஸ் வியந்து எழுதினார். இயற்கை தானே வரைந்த முதற்காட்சிகளுள் ஒன்றில் ஒரு நகரத்தின் மக்களே விடுபட்டுப்போயினர்.

பகைவரும் ஒப்பிய எடுகோள்

ஒளிப்படத்தைக் கண்டதும் ஓவியர் போல் தெலாரோஷ் ஓவியம் இறந்துவிட்டதாகக் கூறினார் என்னும் செய்தி அறிமுகக் கட்டுரைகள் தோறும் திரும்பத் திரும்ப வருகிறது. அதற்குச் சமகாலச் சான்று இல்லை. மாறாக, இக்கருவி ஓவியருக்குப் பெரிதும் பயன்படும் என்று அவர் அரகோவுக்குக் கருத்துரை அளித்தார் என்பதே பதிவாகியுள்ளது. பதிவைவிடக் கட்டுக்கதை நீடித்து வாழ்வதற்கு, கைக்கும் கருவிக்கும் இடையே பகையைக் காண விழையும் பின்வந்தோர் மனநிலையே காரணம்.

1857இல் எலிசபெத் ஈஸ்ட்லேக் எழுதிய விரிவான கட்டுரை ஒளிப்படத்தைக் கலையிலிருந்து பிரித்து, உண்மைத் தகவல்களின் துறைக்கு உரியதாக வரவேற்றது. 1859இல் போத்லேர் அதை அறிவியலுக்கும் கலைகளுக்கும் பணிவான பணிப்பெண்ணாக இருக்கச் சொன்னார். ஒருவர் வரவேற்றார், மற்றவர் வெறுத்தார். ஆனால் ஒளிப்படத்தில் கற்பனைக்கும் கைக்கும் இடமில்லை என்னும் எடுகோளை இருவரும் டால்பட்டின் துண்டறிக்கையிலிருந்தே பெற்றனர் என்று கூறினால் மிகையாகாது. அதே ஆண்டுகளில் உருவப்படக் கூடங்களில், அசையாதிருக்கத் தலையைப் பின்னிருந்து இரும்புக் கவ்வியால் தாங்கினர். கன்னத்திற்குச் செம்மையும் நகைக்குப் பொன்னிறமும் தூரிகையால் ஏற்றினர். வேலை இழந்த சிற்றோவியர் பலர் இவ்வண்ணமேற்றும் தொழிலில் புகுந்தனர்.

முதற்படத்தின்மேல் நீர்வண்ணம்

எஞ்சியிருக்கும் ஒளிப்படங்களுள் மிகப் பழமையானதாகக் கருதப்படுவது, 1826 அல்லது 1827இல் லெ கிரா இல்லச் சாளரத்திலிருந்து நியெப்ஸ் எடுத்த காட்சி. வெள்ளீயக் கலவைத் தகட்டில் பூசிய நிலக்கீல், ஒளிபட்ட இடத்தில் இறுகியது. எஞ்சியது எண்ணெயில் கரைந்து நீங்கியது. 1952இல் வரலாற்றாசிரியர் ஹெல்முட் கெர்ன்ஷைம் அத்தகட்டைக் கண்டெடுத்தார். தகட்டை எளிதில் படமெடுக்க இயலவில்லை. கோடாக் ஆய்வகம் எடுத்த படி அவருக்கு நிறைவளிக்காமையால், நீர்வண்ணம் கொண்டு அதை அவரே திருத்தினார். நூல்களில் முதல் ஒளிப்படம் என நெடுங்காலமாக அச்சாகிவரும் புள்ளியிட்ட உருவம் அவர் கைபட்டதே. உண்மைத் தகடு கண்ணாடிபோல் மின்னுவது, ஒரு கோணத்தில் மட்டுமே உருவைக் காட்டுவது.

ஜெஃப்ரி பேட்சன் இதைச் சுட்டிக்காட்டி, தோற்றம் பற்றிய தேடலே தோற்றத்தை ஆக்கிக்கொள்கிறது என்னும் வகையில் வாதிட்டார். அவ்வாதம் ஏற்கத்தக்கதே. ஆயினும் அதனைக் கோட்பாட்டுப் புதிராக மட்டும் நிறுத்திவிடுவது போதாது. கையற்ற படம் என்னும் கருத்தை நிலைநாட்டவே கை தேவைப்பட்டது என்பதற்கு இதைவிட எளிய சான்று இல்லை.

தஞ்சைக் கல்வெட்டும் ட்ரைப்பின் கருவியும்

அரகோ எகிப்திற்கு வாக்களித்தது தமிழகத்தில் சோதிக்கப்பட்டது. தொல்சின்னங்களைப் பதிவுசெய்ய வரைவாளருக்கு மாற்றாக ஒளிப்படத்தைப் பயன்படுத்துமாறு கிழக்கிந்தியக் கம்பெனி 1855இல் அறிவுறுத்தியது. 1856இல் சென்னை மாகாண அரசின் ஒளிப்படக்காரராகப் படைத்தலைவர் லின்னேயஸ் ட்ரைப் அமர்த்தப்பட்டார். முந்தைய ஆண்டில் பர்மாவில் பணியாற்றியவர் அவர். 1857 இறுதியிலிருந்து 1858 வரை திருவரங்கம், திருச்சிராப்பள்ளி, மதுரை, புதுக்கோட்டை, தஞ்சாவூர் ஆகிய இடங்களுக்குச் சென்றார். அவர் படங்கள் 1858இல் தொகுப்புகளாக வெளியிடப்பட்டன. வெப்பத்தைத் தாங்க மெழுகூட்டிய தாள் எதிர்ப்படிகளை அவர் கையாண்டார். அவை வானத்தின் மேகங்களைப் பதிக்கவில்லை. எனவே எதிர்ப்படியின்மீது வண்ணம் தீட்டி மேகங்களை வரைந்தார். அரசு ஆவணமாகக் கருதப்பட்ட படங்களின் வானம் பலவற்றில் தூரிகை வேலையே. பெங்களூரில் அவர் பயிற்றுவித்த இந்திய உதவியாளர்களின் உழைப்பு, ரெடிங் அச்சகத்தாரின் உழைப்பைப் போலவே, படத்தின் தலைப்பில் இடம்பெறவில்லை.

தஞ்சைப் பெரியகோயில் விமானத்தின் அடித்தளத்தில் முதலாம் இராசராசனின் கொடைகளைக் கூறும் கல்வெட்டுகள் உள்ளன. ட்ரைப் அவற்றை 21 படிகளாக எடுத்து இணைத்து, ஏறத்தாழ 19 அடி நீளமுள்ள படத்தொடராக்கினார். ஒளிப்பட வரலாற்றில் இதற்கு இணையான அக்கால முயற்சிகள் சிலவே. அழகியல் நோக்கில் இதன் பெருமையை மறுக்கவியலாது. கல்லின் அடுக்குகளைத் தொடர்ந்து கண் நகரும்போது, சுவரின் அருகே நடக்கும் உணர்வு தோன்றுகிறது. ஆனால் எழுத்தைப் படியெடுக்கும் கருவியாக இதனை மதிப்பிடும்போது தீர்ப்பு மாறுகிறது. கல்வெட்டின் ஒவ்வொரு கீறலும் பக்கவாட்டு ஒளியில் மட்டுமே துலங்கும். சுவரின் திசைக்கும் நாளின் நேரத்திற்கும் ஏற்ப நிழல் விழும். தேய்ந்த எழுத்தும் கல்லின் இயல்பான புள்ளியும் படத்தில் ஒரே கருமையாகிவிடும். 1859இல் சென்னை ஆளுநராக வந்த சார்லஸ் டிரெவெல்யன் செலவைக் காரணம் காட்டி ட்ரைப்பின் பணியை நிறுத்தச் செய்தார்.

1886இல் சென்னை அரசின் கல்வெட்டாய்வாளராக அமர்ந்த ஹுல்ட்ஷ், தஞ்சைக் கல்வெட்டுகளைத் தென்னிந்தியக் கல்வெட்டுகள் இரண்டாம் தொகுதியில் 1891 முதல் வெளியிட்டார். அவர் காலத்துக் கல்வெட்டுப் பதிப்பு ஊன்றி நின்றது மைப்படியின்மீது. கல்லைக் கழுவி, நனைந்த தாளை அதன்மேல் பரப்பி, தூரிகைக்கட்டையால் அடித்து எழுத்தின் பள்ளங்களுக்குள் அழுத்தி, மைப்பஞ்சால் ஒற்றியெடுப்பது அம்முறை. மேடான பரப்பில் மை ஏறும். பள்ளமான எழுத்து வெண்மையாக நிற்கும். தோற்றத்தில் அது டால்பட்டின் எதிர்ப்படியையே ஒத்தது. ஆனால் அதை ஆக்கியது தொலைவிலிருந்து வந்த ஒளி அன்று, கல்லைத் தொட்ட கை. அரகோ வேலையற்றவராக்க எண்ணிய வரைவாளரின் இடத்திற்கு மைப்படி எடுப்போர் வந்தனர். கல்வெட்டுத் துறையில் மைப்படி இன்றும் எடுக்கப்படுகிறது.